மாப்பிள்ளைக்கு அனுப்பிய வேஷ்டி

டாலிகஞ்ச், கொல்கத்தா
அக்டோபர் 20, ஞாயிற்றுக்கிழமை

சௌபாக்கியவதி மதுவந்திக்கு அம்மா எழுதுவது. என் ஆசீர்வாதம் உனக்கு எப்போதும் உண்டு. அப்பாவின் முழங்காலையும் என் வாயையும் தவிர இங்கே எல்லாம் நன்றாக இருக்கிறது.

முதல் வார்த்தையை எழுதிவிட்டுப் பேனாவைக் கீழே வைத்துவிட்டேன். கல்யாணமான பெண்ணுக்குத்தானே அந்த வார்த்தை? டிசம்பர் ஒன்பதாம் தேதி கோர்ட்டில் எல்லாம் முடிந்துவிட்டால் அப்புறம் உனக்குக் கடிதத்தை எப்படி ஆரம்பிப்பது என்று அப்பாவைக் கேட்டேன். பேப்பரிலிருந்து தலையை எடுக்காமல், பெயரைப் போட்டால் போதாதா என்றார். பாங்கில் முப்பத்தாறு வருஷம் இருந்தவர் இல்லையா, கையெழுத்தும் தேதியும் சரியாக இருந்தால் உன் அப்பா சீதாராமனுக்கு உலகத்தில் எல்லாமே சரி.

மே மாதம் நீங்கள் இரண்டு பேரும் முதல் தடவை ஜட்ஜ் முன்னால் நின்று சம்மதம் சொல்லிவிட்டு வந்தீர்களே, அன்றைக்கு ஏர்போர்ட்டுக்குப் போகிற வழியில் நீ ஒன்று சொன்னாய். இனிமேல் கேஸ் பேச்சைப் போனில் எடுக்காதே, அவ்வளவு அவசியம் என்றால் எழுதிப் போடு என்று. அதனால்தான் இந்தக் காகிதமும் ஸ்பீட் போஸ்ட்டும். போனில் சொன்னால் நீ பாதியில் வைத்துவிடுவாய். கடிதத்தைக் கிழிப்பதாக இருந்தாலும் படித்துவிட்டுத்தான் கிழிப்பாய், உன்னை எனக்குத் தெரியும்.

முதலில் ஊர் சமாசாரம். துர்கா பூஜை ஒருவழியாக முடிந்தது. மேளச் சத்தத்தில் காது இன்னும் கொய்ங் என்கிறது. எதிர் ஃப்ளாட் பெங்காலி அம்மாள், நம் பௌதி, விஜயதசமி அன்று ஒரு டப்பா தேங்காய் நாரு உருண்டை கொண்டுவந்து கொடுத்தாள். உன் பெண் எப்போது வருகிறாள் என்றாள். டிசம்பரில் என்றேன். ஜமாய்பாபுவும் வருவாரா என்று மாப்பிள்ளையைப் பற்றி அடுத்த கேள்வி. அவரும் வருகிறார் என்று சொல்லிவிட்டேன். பொய் இல்லையே, ஒரே நாள், ஒரே இடத்துக்குத்தானே இரண்டு பேரும் வரப்போகிறீர்கள்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். திட்டுவதானால் முழுக்கப் படித்துவிட்டுத் திட்டு.

செப்டம்பர் பதினெட்டாம் தேதி காலை பத்து மணி இருக்கும். நியூ டவுன் ஃப்ளாட்டின் செக்யூரிட்டி ரூமிலிருந்து போன். நீ அங்கே குடிபோன வருஷம், அவசரத்துக்கு யாரைக் கூப்பிடுவது என்ற இடத்தில் என் நம்பரை எழுதியிருக்கிறாய். நீ புனேவுக்குப் போய் ஒன்றே முக்கால் வருஷம் ஆகியும் அதை யாரும் மாற்றவில்லை. மாப்பிள்ளை நரேன் லிஃப்ட் வாசலில் மயங்கி விழுந்துவிட்டார், நாலு நாளாக ஜுரமாம், உடனே வரமுடியுமா என்றார்கள். அவர் அம்மாவோ திருச்சியில் இடுப்பெலும்பு ஆபரேஷன் ஆகிப் படுக்கையில் கிடக்கிறார். நான் என்ன செய்திருக்க வேண்டும், நீயே சொல்லு. நான் இன்னும் எண்பத்திரண்டு நாளைக்குத்தான் அவருக்கு மாமியார், அதனால் வரமுடியாது என்று சொல்வதா?

டாக்ஸியைப் பிடித்துக்கொண்டு ஓடினேன். டெங்கு. பிளேட்லெட் தினமும் இறங்கிக்கொண்டே இருந்தது. ஆஸ்பத்திரியில் நாலு நாள். வீட்டுக்கு அனுப்பும்போது டாக்டர், வீட்டில் பார்த்துக்கொள்ள யார் இருக்கிறார்கள் என்று கேட்டார். மாப்பிள்ளை சுவரைப் பார்த்தார். நான் இருக்கிறேன் என்று என் வாய் முந்திக்கொண்டது. அன்றிலிருந்து பதின்மூன்று நாள் நம் வீட்டில்தான் இருந்தார், உன் அறையில். மிளகு ரசம், குழைந்த சாதம், கறிவேப்பிலைத் துவையல் என்று பத்தியச் சமையல். பௌதி எங்கிருந்தோ பப்பாளி இலை கொண்டுவந்து அரைத்துக் கொடுத்தாள். நவராத்திரி இரண்டாம் நாள் உடம்பு தேறி அவர் ஃப்ளாட்டுக்கே போய்விட்டார்.

இதை ஒரு மாதமாக உன்னிடம் சொல்லாமல் வைத்திருந்தேன். ஞாயிற்றுக்கிழமை நீ போன் பண்ணும்போதெல்லாம் நாக்கு நுனிவரை வந்து நின்றது. சொல்லவில்லை.

நேற்று உன் வக்கீல் பிரியம்வதா ஏதோ அட்ரஸ் ப்ரூஃப் வேண்டும் என்று கூப்பிட்டாள். பேச்சுவாக்கில் அவளிடம் உளறிவிட்டேன்.  அவள் பொறுமையாகச் சொன்னாள். பரஸ்பரச் சம்மத விவாகரத்து என்றால் முதல் தடவை சொன்னால் போதாதாம், ஆறு மாதம் கழித்து இரண்டாவது தடவையும் இரண்டு பேரும் அதையே சொல்ல வேண்டுமாம். நடுவில் ஒருவர் மனம் மாறி மாட்டேன் என்றாலும் கேஸ் அங்கேயே நின்றுவிடுமாம். மாசிமா, உங்கள் ரசம் என் கேஸைக் கெடுக்காமல் இருக்கட்டும் என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள், ஆனால் அதனால்தான் இன்றைக்கே இதை எழுத உட்கார்ந்தேன்.

இன்னும் ஒன்று பாக்கி இருக்கிறது. அவர் போன பிறகும் வாரத்துக்கு இரண்டு நாள் பைக் பார்சலில் ஒரு டிபன் கேரியர் போய்க்கொண்டிருக்கிறது. ஜுரம் கண்ட உடம்பு, ஹோட்டல் சாப்பாடு ஆகாது என்று ஆரம்பித்தேன். நிறுத்திவிடுகிறேன்.

வேளைக்குச் சாப்பிடு. ராத்திரி லேபிலிருந்து தனியாக வராதே. உன் கோபம் ஆறியதும் ஒரு வரி எழுது. பகவான் உன்னைப் பார்த்துக்கொள்ளட்டும்.

அன்புள்ள அம்மா,
பாகீரதி


டாலிகஞ்ச்
நவம்பர் 12

மதுவுக்கு அம்மாவின் ஆசீர்வாதம்.

என் கடிதம் கிடைத்த அன்றைக்கே உன் மெஸேஜ் வந்துவிட்டது. "படித்தேன். ஆனது ஆகட்டும். இனி வேண்டாம் அம்மா." அவ்வளவுதான். நீ கத்தியிருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும்.

நீ வேண்டாம் என்று சொன்ன பிறகும் நான் ஒரு காரியம் பண்ணினேன். அதுதான் இப்போது தலையில் விடிந்திருக்கிறது. சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்தானாம் ஆண்டி. இந்த வீட்டில் அந்த ஆண்டி நான்தான்.

கேரியரை நிறுத்திவிட்டேன், அது சத்தியம். ஆனால் தீபாவளி வந்ததே. உன் கல்யாணம் ஆன வருஷத்திலிருந்து ஒரு தீபாவளிக்கும் மாப்பிள்ளைக்கு வேஷ்டி தவறியதில்லை. போன வருஷம் நீங்கள் பிரிந்திருந்தபோதுகூட அனுப்பினேன், நீ ஒன்றும் சொல்லவில்லை. இந்த வருஷம் லேக் மார்க்கெட்டுக்கு இஞ்சி லேகியத்துக்குச் சாமான் வாங்கத்தான் போனேன். கடையில் மயில்கண் பார்டர் வேஷ்டி தொங்கியது. கை தானாகப் போயிற்று. இன்னும் கேஸ் முடியவில்லை, இன்னும் அவர் மாப்பிள்ளைதானே, கடைசி தடவை, செய்ய வேண்டியதைச் செய்துவிடலாம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். ஓரத்தில் மஞ்சள் தடவி, தேங்குழலும் லேகியமும் வைத்து அனுப்பினேன். அப்பாவிடம்கூடக் காட்டவில்லை.

நேற்று முன்தினம், ஞாயிற்றுக்கிழமை, காலை பதினோரு மணிக்கு வாசல் மணி அடித்தது. திறந்தால் மாப்பிள்ளை. அந்த வேஷ்டியைக் கட்டிக்கொண்டு, கையில் ஒரு பெட்டி சந்தேஷ் ஸ்வீட்டோடு நிற்கிறார்.  உள்ளே வந்து அப்பாவுக்கு நமஸ்காரம் பண்ணினார். சோபாவில் உட்கார்ந்தார். காபி குடித்துவிட்டு நிதானமாகச் சொன்னார். யோசித்துப் பார்த்தாராம். இந்த வீட்டில் தன்னை இன்னும் மாப்பிள்ளையாகத்தான் வைத்திருக்கிறோம் என்று புரிந்துகொண்டாராம். மதுவுக்கும் மனசில் ஏதோ இருக்கிறது, இல்லாவிட்டால் அம்மாவை அனுப்பியிருப்பாளா என்றார். ஆகவே ஒன்பதாம் தேதி சம்மதம் சொல்லப்போவதில்லை, தன் வக்கீலிடமும் சொல்லியாயிற்று என்றார்.

அப்பா என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன்.

நீ என்னை அனுப்பியதாக அவர் ஏன் நினைக்க வேண்டும் என்று உனக்குத் தோன்றும். அதையும் சொல்லிவிடுகிறேன், மறைத்து என்ன ஆகப்போகிறது. ஆஸ்பத்திரியிலிருந்து வந்த இரண்டாம் நாள் ஜுர அசதியில், மதுவுக்குத் தெரியுமா என்று என்னைக் கேட்டார். தெரியாமல் இருக்குமா என்றேன். ஆமாம் என்று சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. படுத்துக் கிடக்கிறவரிடம், அவளுக்குத் தெரியாது, தெரிந்தால் என்னைக் கொன்றுவிடுவாள் என்றா சொல்லமுடியும்? அவர் அதை அப்படியே பிடித்துக்கொண்டார். தன் வினை தன்னைச் சுடும், வேறென்ன.

மது, உன்னிடம் ஒரு உண்மையைச் சொல்ல வேண்டும். மாட்டேன் என்று அவர் சொன்னபோது எனக்குப் பகீரென்றது. அது நிஜம். ஆனால் அடியில் ஒரு மூலையில் சந்தோஷமாகவும் இருந்தது. அந்த ரசத்தைக் கொதிக்க வைக்கும்போதே எனக்குள் அந்த ஆசை இருந்திருக்கிறது. மனுஷர் நம் வீட்டில் நாலு நாள் இருந்தால் மனசு மாறும், அவர் மாறினால் நீ மாறுவாய், எல்லாம் பழையபடி ஆகும் என்று. பெண்ணைக் கட்டிக்கொடுத்த எந்த அம்மாவுக்குத்தான் அந்த ஆசை இல்லாமல் இருக்கும்?

பிரியம்வதாவைப் போய்ப் பார்த்தேன். அவள் இந்தத் தடவை சிரிக்கவில்லை. அவர் வராமல் இருந்தால் வேறு தேதி வாங்கலாமாம், மனு போட்ட நாளிலிருந்து பதினெட்டு மாதம்வரை இழுக்கலாமாம். ஆனால் நேராக வந்து சம்மதம் இல்லை என்று சொல்லிவிட்டால் கோர்ட்டால் ஒன்றும் பண்ணமுடியாது. அப்புறம் நீ மட்டும் தனியாகக் கேஸ் போட வேண்டும். கொடுமைப்படுத்தினார் என்று நிரூபிக்க வேண்டும். நாலு வருஷமோ ஆறு வருஷமோ, யாருக்குத் தெரியும் என்றாள். உனக்கு இப்போது முப்பத்திரண்டு வயது. கணக்குப் போட்டுப் பார்த்ததிலிருந்து எனக்குத் தூக்கம் இல்லை.

அதனால் கேட்கிறேன், கோபித்துக்கொள்ளாதே. இன்னொரு தடவை யோசித்துப் பார்க்கக் கூடாதா? அவர் குடிக்கிறவர் இல்லை. கை நீட்டினவர் இல்லை. வேறு பெண் பேச்சு இல்லை. கோர்ட் காகிதத்தில் நீங்கள் எழுதியிருப்பது "ஒத்துப்போகவில்லை" என்று ஒரே ஒரு வரி. அவர் உன்னை என்னதான் பண்ணினார், மது? அம்மாவிடமாவது சொல்லு. தெரிந்தால் நான் இப்படி முட்டாள்தனம் பண்ணியிருக்க மாட்டேன்.

பதில் போடு. ஒன்பதாம் தேதிக்கு இன்னும் நாலு வாரம்கூட இல்லை.

உன் அம்மா


டாலிகஞ்ச்
நவம்பர் 29

மது,

உன் கடிதம் வந்தது. ஒரு முழு வெள்ளைத் தாளில் நடுவில் ஒரே வரி. "அந்த வீட்டில் நாலு வருஷம் என்னை யாரும் ஒரு கேள்வி கேட்கவில்லை, அம்மா." அவ்வளவுதான் எழுதியிருக்கிறாய்.

முதலில் எனக்குப் புரியவில்லை. இதெல்லாம் ஒரு காரணமா என்றுகூட நினைத்தேன், மன்னித்துக்கொள். என்னைத்தான் யார் என்ன கேட்டார்கள் இந்த வீட்டில்? எங்கள் காலத்தில் கேள்வி கேட்கிற புருஷன் என்றால் சந்தேகப் புத்திக்காரன் என்று அர்த்தம். கடிதத்தை மடித்து அலமாரியில் வைத்துவிட்டு மோர் கடையப் போனேன். பாதியில் கை நின்றுவிட்டது. அந்த ஞாயிற்றுக்கிழமை ஞாபகம் வந்தது.

செப்டம்பர் கடைசி ஞாயிறு. நரேன் நம் வீட்டில் இருந்தார். பத்தியம் விட்டு முதல் நாள் மேஜையில் உட்கார்ந்து சாப்பிடுகிறார், எதிரே அப்பா. நான் பரிமாறிக்கொண்டிருந்தேன். நீ போன் பண்ணினாய். கையெல்லாம் எண்ணெய் என்று வழக்கம்போல ஸ்பீக்கரில் போட்டேன், போட்ட பிறகுதான் உறைத்தது. உன் குரல் அறை முழுக்கக் கேட்கிறது. ஸ்கூட்டர் மழையில் சறுக்கிவிட்டது, மணிக்கட்டில் அடி, ராத்திரி முழுக்க வலி, தனியாக ஆட்டோ பிடித்துப் போய் எக்ஸ்ரே எடுத்தேன், கட்டுப் போட்டிருக்கிறார்கள், ஒரு கையால் தலை பின்னிக்கொள்ள முடியவில்லை என்று சொல்லிக்கொண்டே போனாய். அவர் இருப்பது உனக்குத் தெரிந்துவிடப் போகிறதே என்று நான் நெருப்பின் மேல் நிற்கிற மாதிரி நின்றேன். சரி சரி, உடம்பைப் பார்த்துக்கொள், அப்புறம் பேசுகிறேன் என்று வைத்துவிட்டேன்.

நரேன் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். நீ பேசின அந்த நாலு ஐந்து நிமிஷமும் அவர் கை நிற்கவில்லை. தலையை நிமிர்த்தவில்லை. போனை வைத்ததும், மோர் இருக்கிறதா என்று என்னைக் கேட்டார். உனக்கு என்ன ஆயிற்று என்று கேட்கவில்லை. அன்றைக்குக் கேட்கவில்லை, மறுநாளும் கேட்கவில்லை, போகிற அன்றைக்கும் கேட்கவில்லை. அப்பாவும் ரசத்தில் உப்பு கொஞ்சம் கம்மி என்றார், வேறு ஒன்றும் சொல்லவில்லை.

இத்தனையும் என் கண் முன்னால் நடந்தது. நான் பார்த்தேன். பார்த்தும் எனக்கு ஒன்றும் தப்பாகத் தெரியவில்லை. பழகிப்போனால் அப்படித்தான் ஆகும் போல இருக்கிறது. நீ எழுதினதைப் படித்த பிறகுதான் அந்தச் சாப்பாட்டு மேஜை எனக்குத் தெரிந்தது. நாலு வருஷம் அந்த மேஜையில்தான் நீ உட்கார்ந்திருக்கிறாய். அவர் உன்னை என்ன பண்ணினார் என்று இனி உன்னிடம் கேட்க மாட்டேன்.

போன செவ்வாய்க்கிழமை நியூ டவுனுக்குப் போனேன். மெட்ரோவில் ஏறி, இறங்கி, பஸ் பிடித்து, கேரியர் இல்லாமல், வெறும் கையோடு. முதல் தடவை அப்படிப் போகிறேன். வழியெல்லாம் கையை எங்கே வைத்துக்கொள்வது என்றே தெரியவில்லை. நரேன் வீட்டிலிருந்து வேலை பார்த்துக்கொண்டிருந்தார். உட்காரச் சொன்னார். நின்றுகொண்டே சொல்லிவிடுகிறேன் என்றேன், உட்கார்ந்தால் எனக்கு மனசு இளகிவிடும்.

நான் உங்களைப் பார்த்துக்கொண்டது என் இஷ்டம், மது அனுப்பி நான் வரவில்லை என்றேன். அவளுக்கு ஒரு மாதம் வரை தெரியவே தெரியாது, தெரியாமல் இருக்குமா என்று நான் சொன்னது தப்பு என்றேன். தீபாவளி வேஷ்டியும் நான் அனுப்பியது, அவள் வேண்டாம் என்று சொன்ன பிறகு அனுப்பியது. ஆகவே அதையெல்லாம் அவள் வார்த்தையாக எடுத்துக்கொள்ளாதீர்கள், ஒன்பதாம் தேதி வந்து மே மாதம் சொன்னதையே சொல்லிவிடுங்கள் என்று கேட்டுக்கொண்டேன். 

அவர் கோபப்படவில்லை. நான் என்ன தப்புப் பண்ணினேன் என்று மட்டும் சொல்லுங்கள் என்றார். பாவமாகத்தான் இருந்தது, நிஜமாகவே அவருக்குத் தெரியவில்லை. அந்த ஞாயிற்றுக்கிழமையைச் சொன்னேன். மது போன் பண்ணினாளே, விழுந்துவிட்டேன் என்று சொன்னாளே என்றேன்.  எந்தப் போன் என்றார்.

நான் வாசல் பக்கம் திரும்பிவிட்டேன், மது. யோசிக்க வேண்டும், இப்போது எதுவும் சொல்ல முடியாது என்றார். வாசல்வரை வந்து லிஃப்ட் பட்டனை அழுத்திக் கொடுத்தார். மரியாதை தெரிந்தவர்தான், அதை இல்லை என்று சொல்ல மாட்டேன்.

இன்றுவரை அவரிடமிருந்து ஒரு தகவலும் இல்லை. அவர் வக்கீலும் வாயைத் திறக்கவில்லை என்கிறாள் பிரியம்வதா. ஒன்பதாம் தேதி வருவாரா, வந்தால் என்ன சொல்வார் என்று தெரியாது. ஒவ்வொரு தடவை போன் அடிக்கும்போதும் ஓடிப்போய் எடுக்கிறேன். ஸ்வாமி அறையில் போய் உட்கார்ந்தால் என்ன வேண்டிக்கொள்வது என்று தெரியவில்லை. கட்டி வைக்கச் சொல்லி வேண்டிக்கொண்ட அதே ஸ்வாமியிடம் அவிழ்த்துவிடச் சொல்லிக் கேட்க வாய் வரவில்லை. ஆனாலும் கேட்டுவிட்டேன்.

அவர் மாட்டேன் என்றால் என்ன என்று பிரியம்வதாவை நேராகக் கேட்டேன். தனிக் கேஸ் போட்டால் சாட்சி வேண்டும், கேள்வி கேட்கவில்லை என்பதைக் கொடுமை என்று நிரூபிப்பது சுலபம் இல்லை என்றாள். நான் சாட்சி சொல்கிறேன் என்றேன். மாசிமா, கூண்டில் ஏறி என்ன சொல்வீர்கள் என்றாள். அந்த ஞாயிற்றுக்கிழமையைச் சொல்வேன் என்றேன். எதிர்த்தரப்பு வக்கீல் உங்களை வறுத்து எடுத்துவிடுவார் என்று பயமுறுத்தினாள். எடுக்கட்டும். அவ்வளவு சமைத்துப் போட்டவளை ஒரு நாள் யாராவது வறுக்கட்டுமே.

அப்பாவிடம் இதைச் சொன்னேன். மாமியார் கூண்டில் ஏறி மாப்பிள்ளைக்கு எதிராகச் சாட்சி சொல்வதா, நம் குடும்பத்தில் கேள்விப்பட்டதுண்டா என்றார். இரண்டு நாளாக என்னிடம் பேசவில்லை. பேசியிருந்தாலும் பெரிய வித்தியாசம் தெரிந்திருக்காது. கல்யாணமாகி முப்பத்தைந்து வருஷம் கழித்து இதை எழுதுகிறேன், அதுவும் உனக்கு எழுதுகிறேன். எழுதின பிறகு மனசு லேசாக இருக்கிறது. வேறு ஒன்றும் அர்த்தம் பண்ணிக்கொள்ளாதே, அப்பாவுக்குச் சர்க்கரை மாத்திரை எடுத்துக் கொடுத்துவிட்டுத்தான் எழுத உட்கார்ந்தேன்.

எட்டாம் தேதி சாயங்காலம் உன் விமானம் என்று மெஸேஜ் அனுப்பியிருந்தாய். நான் ஏர்போர்ட்டுக்கு வருகிறேன், வேண்டாம் என்று சொல்லாதே. ஒன்பதாம் தேதி காலை உன்னோடு கோர்ட்டுக்கும் வருகிறேன். நரேன் வந்தாலும் சரி, வராவிட்டாலும் சரி, சம்மதம் என்றாலும் சரி, இல்லை என்றாலும் சரி, நான் உன் பக்கத்து நாற்காலியில் இருப்பேன். ஜட்ஜ் உன்னைக் கேட்கும்போது என் முகத்தைப் பார்க்காதே, உனக்குத் தோன்றுவதைச் சொல்லு.

ஒன்று மட்டும் பாக்கி. அந்த ஞாயிற்றுக்கிழமை நரேனைச் சொல்லிவிட்டேன், அப்பாவைச் சொல்லிவிட்டேன். போனை வைத்த கையோடு நான் என்ன செய்தேன் தெரியுமா? உள்ளே போய் மோர் கொண்டுவந்து ஊற்றினேன். அப்புறம் உனக்குத் திருப்பிப் பேசவில்லை. அடுத்த ஞாயிறு, சரியாகிவிட்டது என்று நீ சொன்னாய், நானும் சரி என்றேன். இரண்டு மாதம் ஆகிறது. உனக்கு அடிபட்டது வலது கையா, இடது கையா என்றுகூட எனக்குத் தெரியாது.

இப்போது கேட்கிறேன், எந்தக் கை, மது? வந்து காட்டு.

நீ நன்றாக இருக்க வேண்டும்.

அம்மா